முதல் பாட்டு முடிவதற்குள் ஒலி ஏன் நிற்கிறது? வீட்டு ஸ்விட்ச்சில் மல்டிகாஸ்ட்டை முறைப்படுத்தும் முழுமையான வழிகாட்டி

ராமேசுவரம் அருகேயுள்ள மண்டபம் ஊரில், கடற்கரையிலிருந்து ஒரு தெரு தள்ளியுள்ள மாடி வீடு ஒன்றில், மொட்டை மாடி ஏரியலில் பிடிபடும் இலங்கைப் பண்பலை வானொலியைக் கூடம், அடுப்படி, மாடி அறை, கொல்லையில் வலை வைக்கும் கொட்டகை ஆகிய நான்கு இடங்களிலும் ஒரே நேரத்தில் கேட்கும்படி அமைத்துக் கொடுத்திருந்தேன். ஏரியலில் வரும் ஒலியை ஒரு ராஸ்பெரி பை கணினி வாங்கி, வீட்டு நெட்வொர்க்கில் 239.255.10.1 என்ற முகவரிக்கு மல்டிகாஸ்ட்டாக, அதாவது ஒரே ஒலியைப் பலர் பெறும்படி, அனுப்பும். நான்கு இடங்களிலும் உள்ள சிறு கருவிகள் அதைப் பெற்று ஸ்பீக்கருக்குக் கொடுக்கும். ஒலி நன்றாகவே வந்தது. ஆனால் வானொலி ஓடும்போதெல்லாம் கைபேசிகளில் வைஃபை திணறியதால், வீட்டு நெட்வொர்க் கம்பிகளையெல்லாம் இணைக்கும் சாதாரண ஸ்விட்ச்சை எடுத்துவிட்டு, அமைப்புகளை மாற்றக்கூடிய ஸ்விட்ச் ஒன்றைப் பொருத்தி, அதில் ஐஜிஎம்பி ஸ்னூப்பிங் என்ற கட்டத்தில் குறியிட்டுவிட்டு வந்தேன். மறுநாள் காலையில் அந்த வீட்டு அம்மா கைபேசியில் அழைத்தார். “முதல் பாட்டு முடியறதுக்குள்ள அடுப்படியில சத்தம் நின்னுருது தம்பி. அணைச்சுப் போட்டா மறுபடி வருது” என்றார்.

அவர் சொன்ன அந்த இரண்டு வாக்கியங்களுக்குள்ளேயே கோளாறின் காரணம் முழுவதும் இருந்தது. அதைப் புரிந்துகொண்டால் இந்த வழிகாட்டியின் பாதி முடிந்துவிடும் என்பதால், அமைப்புகளுக்குள் போவதற்கு முன் அதையே விளக்கிவிடுகிறேன்.

ஸ்விட்ச் எதை அறியும், எதை அறியாது

பாம்பன், மண்டபம் பக்கத்து விசைப்படகுகளில் விஎச்எஃப் என்ற பேசும் வானொலிக் கருவி இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். ஒருவர் ஒரு சேனலில் பேசினால், அந்தச் சேனலைத் திறந்து வைத்திருக்கும் படகுகள் அனைத்தும் கேட்கும். பேசுகிறவர் ஒரே முறைதான் பேசுகிறார். எத்தனை பேர் கேட்கிறார்கள் என்பது அவருக்குத் தெரியாது, தெரியவும் வேண்டியதில்லை. மல்டிகாஸ்ட்டும் இப்படிப்பட்டதே. 224.0.0.0 முதல் 239.255.255.255 வரையுள்ள முகவரிகள் எந்தக் கருவிக்கும் உரியவை அல்ல. அவை சேனல் எண்களைப் போன்றவை. அப்படிப்பட்ட ஒரு முகவரியைத்தான் குரூப் என்கிறோம். அனுப்பும் கணினி ஒரு பாக்கெட்டை, அதாவது ஒலியின் ஒரு சிறு துண்டை, ஒரே முறை அனுப்புகிறது. அதைத் தேவையான இடங்களுக்குப் பிரதியெடுத்துக் கொடுப்பது ஸ்விட்ச்சின் வேலை.

அமைப்பு வசதி இல்லாத சாதாரண ஸ்விட்ச், யாருக்கு வேண்டும் என்று பாராமல் எல்லா போர்ட்டுகளுக்கும் (கம்பி செருகும் துளைகளுக்கும்) அனுப்பிவிடும். ஐஜிஎம்பி என்பது கருவிகள் குரூப்பில் சேரவும் விலகவும் பயன்படுத்தும் நெறிமுறை. ஐஜிஎம்பி ஸ்னூப்பிங் உள்ள ஸ்விட்ச், கருவிகள் அனுப்பும் “இந்தக் குரூப்பில் என்னைச் சேர்த்துக்கொள்” என்ற செய்தியை இடையில் நின்று ஒட்டுக்கேட்டு, எந்தப் போர்ட்டில் யார் கேட்கிறார்கள் என்று ஓர் அட்டவணை எழுதிக்கொள்கிறது. அந்தப் போர்ட்டுகளுக்கு மட்டும் ஒலி போகும்.

சிக்கல் அந்த அட்டவணையின் ஆயுளில் இருக்கிறது. ஒரு கருவி குரூப்பில் சேரும்போது அதைத் தானாகச் சொல்லும். அதன்பின் யாராவது கேட்டால்தான் மறுபடி சொல்லும். அவ்வாறு கேட்பதற்கென்று நெட்வொர்க்கில் ஒருவர் இருக்க வேண்டும். அவரைத்தான் குவெரியர் என்கிறோம். நெறிமுறையின் இயல்பான அளவுகளின்படி குவெரியர் 125 வினாடிகளுக்கு ஒருமுறை “யார் யார் கேட்டுக்கொண்டிருக்கிறீர்கள்?” என்று வினவும், கருவிகள் 10 வினாடிகளுக்குள் பதில் சொல்ல வேண்டும். இரண்டு வினவல்களுக்கான காலமும் அந்தப் பத்து வினாடிகளும் கடந்த பின்னும் பதில் வராவிட்டால், அதாவது 260 வினாடிகள் ஆனதும், ஸ்விட்ச் அந்தப் பெயரை அட்டவணையிலிருந்து அழித்துவிடும். நான்கு நிமிடம் இருபது வினாடி என்பது ஏறக்குறைய ஒரு பாட்டின் நீளம். அந்த வீட்டில் நான் ஸ்னூப்பிங்கை இயக்கினேன், குவெரியரை வைக்கவில்லை. வினவ ஆளில்லாததால் அடுப்படிக் கருவி பேசாமல் இருந்தது. பேசாததால் அதன் பெயர் அழிந்தது. அணைத்துப் போட்டபோது அது புதிதாகச் சேர்ந்ததால் ஒலி திரும்ப வந்தது.

இதே குறைக்கு இன்னொரு முகமும் உண்டு. சில ஸ்விட்ச்சுகள், உறுப்பினர் இல்லாத குரூப்பின் பாக்கெட்டுகளைத் தடுப்பதற்குப் பதிலாக எல்லாப் போர்ட்டுகளுக்கும் பரப்பிவிடும். அப்படிப்பட்ட ஸ்விட்ச்சில் ஒலி நிற்காது. நான்கு நிமிடம் நன்றாக இருந்த வைஃபை மறுபடி திணறத் தொடங்கும். வெளியே தெரியும் அறிகுறி வேறாக இருந்தாலும் காரணம் ஒன்றுதான்.

முதலில் உங்கள் கருவிகள் மல்டிகாஸ்ட்டை எதற்குப் பயன்படுத்துகின்றன என்று பாருங்கள்

பலர் தேவையில்லாமல் இந்த அமைப்புகளைத் தொட்டு, நன்றாக ஓடியதைக் கெடுத்துக்கொள்கிறார்கள். கைபேசியிலிருந்து ஸ்பீக்கருக்கோ டிவிக்கோ ஒலி அனுப்பும் ஏர்ப்ளே, குரோம்காஸ்ட், டிஎல்என்ஏ போன்றவற்றில் ஒலி ஒரு கருவியிலிருந்து இன்னொரு கருவிக்கு நேரடியாகவே செல்கிறது. ஸ்பீக்கர் எங்கே இருக்கிறது என்று கைபேசி தேடுவதற்கு மட்டும்தான் அங்கே மல்டிகாஸ்ட் தேவைப்படுகிறது. ஏர்ப்ளேயும் குரோம்காஸ்ட்டும் எம்டிஎன்எஸ் முறையில், அதாவது 224.0.0.251 முகவரியில் யூடிபி 5353 போர்ட் வழியாகத் தேடுகின்றன (இந்தப் போர்ட் ஸ்விட்ச்சின் துளை அன்று, நிரல்களை அடையாளம் காணும் எண்). டிஎல்என்ஏ கருவிகள் எஸ்எஸ்டிபி முறையில் 239.255.255.250 முகவரியில் 1900 போர்ட் வழியாகத் தேடுகின்றன. உங்கள் வீட்டில் இவை மட்டுமே இருந்தால் நீங்கள் கவலைப்பட வேண்டியது கண்டுபிடிப்பு தடைபடாமல் இருப்பதைப் பற்றித்தான்.

ஒலியே மல்டிகாஸ்ட்டாகச் செல்வது சில இடங்களில்தான்: பல்ஸ்ஆடியோ அல்லது பைப்வயர் என்ற ஒலி நிரல் வழியாக, ஓடும் ஒலியை அனுப்பும் ஆர்டிபி முறையில் லினக்ஸ் கணினி அனுப்பும்போது, தொழில்முறை ஒலி நெட்வொர்க்குகளான ஏஇஎஸ்67 கருவிகளில், டான்டே கருவிகளில் மல்டிகாஸ்ட் ஓட்டத்தைத் தெரிந்தே அமைக்கும்போது. இயல்பாக டான்டே ஒலியை யூனிகாஸ்ட்டாகத்தான், அதாவது ஒவ்வொரு கருவிக்கும் தனித்தனியாகத்தான், அனுப்பும். ஆனால் டான்டேயும் ஏஇஎஸ்67-உம் கடிகாரத்தை ஒத்திசைப்பதற்குப் பயன்படுத்தும் பிடிபி செய்திகள் 224.0.1.129 தொடங்கும் முகவரிகளில் மல்டிகாஸ்ட்டாகச் செல்லும் என்பதால், அக்கருவிகள் உள்ள வீடுகளுக்கும் இந்த வழிகாட்டி பொருந்தும்.

இங்கே ஒரு நுட்பமான வேறுபாட்டை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள். 224.0.0 என்று தொடங்கும் 256 முகவரிகளும் உள்ளூர் இணைப்புக்கு ஒதுக்கப்பட்டவை. ஸ்னூப்பிங் இருந்தாலும் அவற்றை எல்லாப் போர்ட்டுகளுக்கும் அனுப்ப வேண்டும் என்பதே 2006-இல் வெளியான ஆர்எஃப்சி 4541 என்ற இணைய நெறிமுறை ஆவணத்தின் பரிந்துரை. எனவே எம்டிஎன்எஸ் தப்பிவிடும், எஸ்எஸ்டிபி தப்பாது. கைபேசியில் ஏர்ப்ளே ஸ்பீக்கர் தெரிகிறது, டிஎல்என்ஏ டிவி மட்டும் சற்று நேரத்தில் பட்டியலிலிருந்து மறைகிறது என்றால், குவெரியர் இல்லையோ என்று நான் முதலில் சந்தேகிப்பேன்.

முகவரியைத் தேர்ந்தெடுத்தல்

ஸ்விட்ச்சைத் தொடுவதற்கு முன் அனுப்பும் கணினியைச் சரிசெய்ய வேண்டும். பல்ஸ்ஆடியோவும் பைப்வயரும் ஆர்டிபி ஒலியை இயல்பாக 224.0.0.56 என்ற முகவரிக்கு அனுப்புகின்றன. மேலே சொன்ன ஒதுக்கீட்டுக்குள் இது வந்துவிடுவதால், எவ்வளவு விலையுயர்ந்த ஸ்விட்ச்சை வாங்கினாலும், எல்லா அமைப்பையும் சரியாகச் செய்தாலும், அந்த ஒலி வீடு முழுக்கப் பரவிக்கொண்டுதான் இருக்கும். ஸ்னூப்பிங் வேலை செய்யவில்லை என்று ஸ்விட்ச்சைத் திருப்பிக் கொடுத்தவர்களை எனக்குத் தெரியும். அவர்கள் மாற்ற வேண்டியிருந்தது அனுப்பும் நிரலில் உள்ள ஒரு வரியை மட்டுமே. சேருமிட முகவரியை 239.255 என்று தொடங்கும் ஒன்றாக மாற்றுங்கள். அந்தத் தொகுதி உள்ளூர்ப் பயன்பாட்டுக்கென்றே ஒதுக்கப்பட்டது.

அதற்குள்ளும் ஓர் எச்சரிக்கை தேவை. ஐபி மல்டிகாஸ்ட் முகவரியை ஈத்தர்நெட் முகவரியாக மாற்றும்போது கடைசி 23 பிட்டுகள் மட்டுமே எடுத்துக்கொள்ளப்படுகின்றன. இதனால் 32 ஐபி முகவரிகள் ஒரே ஈத்தர்நெட் முகவரியில் வந்து விழுகின்றன. விலை குறைந்த ஸ்விட்ச்சுகள் பல ஈத்தர்நெட் முகவரியை மட்டுமே பார்த்துப் பிரிக்கின்றன. 239.0.0.251 அல்லது 239.128.0.251 என்று வைத்தால், ஸ்விட்ச்சின் பார்வையில் அது எம்டிஎன்எஸ் முகவரியேதான். எல்லா இடத்துக்கும் பரவும். 239.255.10.1, 239.255.10.2 என்று ஸ்ட்ரீமுக்கு ஒன்றாக வைத்துக்கொண்டால் இந்த மோதல் வராது. ஒரே முகவரியில் வெவ்வேறு யூடிபி போர்ட்டுகளில் இரண்டு ஸ்ட்ரீம்களை அனுப்பாதீர்கள்; ஸ்விட்ச் யூடிபி போர்ட்டைப் பார்ப்பதில்லை, இரண்டும் எல்லோருக்கும் போகும்.

எந்த ஸ்விட்ச், என்ன முன்னேற்பாடு

கடையில் “ஸ்மார்ட்” என்று எழுதியிருப்பதை மட்டும் பார்த்து வாங்க வேண்டாம். ஸ்னூப்பிங் இருந்தும் குவெரியர் இல்லாத எட்டுப் போர்ட் ஸ்விட்ச்சுகள் நிறைய விற்கின்றன. விவரத்தாளில் குவெரியர் என்ற சொல் தனியாக இருக்கிறதா என்று பாருங்கள். அப்படி ஒன்று கிடைக்காவிட்டால் மைக்ரோடிக் கருவியின் பிரிட்ஜ் அமைப்பிலோ, ஓப்பன்டபிள்யூஆர்டி என்ற மென்பொருள் ஏற்றிய ரூட்டரிலோ குவெரியரை இயக்கலாம். இரண்டிலும் ஸ்னூப்பிங், குவெரியர் இரண்டுக்கும் தனித்தனி அமைப்பு உண்டு. வீட்டில் ஒரு குவெரியர் இருந்தால் போதும். மற்ற ஸ்விட்ச்சுகளில் ஸ்னூப்பிங் மட்டும் இருந்தால் போதுமானது.

வேலையைத் தொடங்கும் முன் எந்தப் போர்ட்டில் எந்தக் கம்பி என்று ஒரு தாளில் எழுதுங்கள். ஸ்விட்ச்சுகளின் ஃபர்ம்வேரைப் புதுப்பித்து, ஒவ்வொன்றுக்கும் மாறாத ஐபி முகவரி கொடுங்கள். ரூட்டர் 192.168.1.1 என்றால், முதன்மை ஸ்விட்ச் 192.168.1.2, மாடி ஸ்விட்ச் 192.168.1.3 என்பது எளிது. குவெரியர் வேலை செய்ய அந்த ஸ்விட்ச்சுக்கு ஐபி முகவரி அவசியம் என்பதை மறக்காதீர்கள். முகவரி இல்லாமல் 0.0.0.0 என்ற மூலத்திலிருந்து வரும் வினவலைச் சில கருவிகள் பொருட்படுத்துவதில்லை.

ஒலிக்கென்று தனி விலேன் (ஒரே ஸ்விட்ச்சுக்குள் பிரித்து வைக்கும் தனி நெட்வொர்க்) வேண்டுமா என்று கேட்பார்கள். சாதாரண வீட்டுக்கு வேண்டாம் என்பது என் கருத்து. பிரித்துவிட்டால் கைபேசி ஒரு பக்கமும் ஸ்பீக்கர் மறு பக்கமும் நின்றுவிடும்; எம்டிஎன்எஸ் ரூட்டரைத் தாண்டாது என்பதால், அதை மறுபக்கம் எடுத்துச் சொல்ல அவாஹி போன்ற இன்னொரு நிரலை வைக்க வேண்டிவரும்.

முதன்மை ஸ்விட்ச்சின் அமைப்பு

ஒலி புறப்படும் கணினி எந்த ஸ்விட்ச்சில் இணைந்திருக்கிறதோ அதையே குவெரியராக வையுங்கள். இது வெறும் வசதிக்காகச் சொல்வதன்று. ஸ்னூப்பிங் செய்யும் ஸ்விட்ச், வினவல் எந்தப் போர்ட்டிலிருந்து வருகிறதோ அதை “ரூட்டர் போர்ட்” என்று குறித்துக்கொண்டு, கேட்பவர் அந்தப் பக்கம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் எல்லா மல்டிகாஸ்ட் ஒலியையும் அங்கே அனுப்பும். குவெரியரை மாடியில் வைத்துவிட்டு ஒலியைக் கீழே தொடங்கினால், எல்லா ஸ்ட்ரீமும் வீணாக மாடி ஏறும். குவெரியர் ஒரு வைஃபை ரிப்பீட்டருக்குப் பின்னால் இருந்தால் அந்தப் பாரம் முழுவதும் காற்றில் ஏறும்.

முதலில் ஸ்னூப்பிங்கைப் பொதுவாக இயக்கி, பிறகு உங்கள் விலேனுக்கும் இயக்குங்கள். பல ஸ்விட்ச்சுகளில் இவை இரண்டு வேறு பக்கங்களில் இருக்கும். ஒன்றை மட்டும் இயக்கினால் பயன் இல்லை. விலேன் பிரிக்காத வீட்டில் அது 1 என்ற எண்ணில் இருக்கும். பதிப்பைக் கேட்டால் 2 என்று வைக்கப் பரிந்துரைக்கிறேன். 1997-இல் வந்த 2ஆம் பதிப்பைச் சிறு கருவிகள் அனைத்தும் அறியும். 2002-இல் வந்த 3ஆம் பதிப்பைப் பேசும் கருவிகள், 2ஆம் பதிப்பு வினவலைக் கேட்டதும் தாமாகவே அதற்கு இறங்கிவந்து பதில் சொல்லும். அனுப்புநரையும் சேர்த்துக் குறிப்பிட்டுக் கேட்கும் வசதி வேண்டியவர்களுக்கு மட்டுமே 3 தேவை.

அடுத்து குவெரியரை இயக்கி, அதன் முகவரி ஸ்விட்ச்சின் முகவரியே என்று உறுதிசெய்யுங்கள். வினவல் இடைவெளி 125, பதில் நேரம் 10 என்ற இயல்பான அளவுகளை மாற்ற வேண்டாம். இடைவெளியைக் குறைத்தால் நல்லது என்று எண்ணி ஒரு ஸ்விட்ச்சில் மட்டும் குறைத்து, இன்னொன்றில் உறுப்பினர் ஆயுளை (மேலே சொன்ன 260 வினாடிகளை) பழையபடி விட்டுவிடுவது குழப்பத்துக்கே வழிவகுக்கும். அளவுகள் ஒன்றோடொன்று பொருந்தியிருக்க வேண்டும்.

ஒரு நெட்வொர்க்கில் இரண்டு குவெரியர்கள் பேசினால், குறைந்த ஐபி முகவரி உள்ளது மட்டும் தொடர, மற்றது ஒதுங்கிக்கொள்ள வேண்டும் என்பது விதி. 192.168.1.1-இல் உள்ள ரூட்டரும் வினவத் தொடங்கினால் அதுவே வெல்லும். சேவை நிறுவனம் தந்த ரூட்டரில் ஐஜிஎம்பி என்று ஏதேனும் இயங்கிக்கொண்டிருக்கிறதா என்று பாருங்கள். இணையவழி டிவி அந்த வழியாக வராவிட்டால் அதை அணைத்துவிடலாம். சில ரூட்டர்கள் தொடங்கும்போது ஓரிரு முறை வினவிவிட்டு நின்றுவிடுகின்றன. அந்த வேளையில் உங்கள் ஸ்விட்ச் ஒதுங்கிப் போய், 255 வினாடிகள் கழித்தே திரும்ப வரும். ஒலி எப்போதோ ஒருமுறை காரணம் தெரியாமல் விட்டுப்போவதற்கு இது ஒரு மூலம்.

அறியாத மல்டிகாஸ்ட்டை என்ன செய்வது என்ற அமைப்பை இப்போதைக்குப் “பரப்பு” என்ற நிலையிலேயே விடுங்கள். எல்லாம் சரியாக ஓடி, இரண்டு நாள் ஆன பிறகு “தடு” என்று மாற்றிப் பாருங்கள். மாற்றியதும் கைபேசியில் ஸ்பீக்கர் தெரியாமல் போனால், அந்த ஸ்விட்ச் 224.0.0 தொகுதியையும் சேர்த்துத் தடுக்கிறது என்று பொருள். உடனே பழைய நிலைக்குத் திருப்புங்கள். குவெரியர் ஒழுங்காக இருக்கும் வீட்டில் இந்தத் தடுப்பால் கிடைக்கும் கூடுதல் நன்மை சிறிதே.

உடனடி விலக்கம் என்றொரு வசதி உண்டு. கருவி விலகுகிறேன் என்று சொன்ன மறுகணமே போர்ட்டை மூடும். ஒரே ஒரு கருவி மட்டும் நேராகச் செருகியுள்ள போர்ட்டுக்கு அது பொருந்தும். அந்தப் போர்ட்டின் மறுமுனையில் இன்னொரு ஸ்விட்ச்சோ, வைஃபை தரும் ஆக்சஸ் பாயிண்ட்டோ இருந்தால் இயக்கவே கூடாது. மாடி அறையில் ஒருவர் அணைத்தால் அதே கம்பியில் கேட்டுக்கொண்டிருக்கும் இன்னொருவருக்கும் ஒலி அறுந்துவிடும்.

பச்சை ஈத்தர்நெட் எனப்படும் மின்சேமிப்பு வசதியை ஒலிக் கருவிகள் உள்ள போர்ட்டுகளில் அணைத்துவிடுங்கள். டான்டே போன்ற கடிகார ஒத்திசைவு உள்ளவற்றில் இது இன்றியமையாதது. லூப் ஏற்படாமல் காக்க ஆர்எஸ்டிபியை இயக்கி வையுங்கள். ஒரே கம்பியின் இரு முனையையும் தவறுதலாக ஒரே ஸ்விட்ச்சில் செருகினால், மல்டிகாஸ்ட் சுற்றிச் சுற்றிப் பெருகி வீட்டு நெட்வொர்க் முழுவதையும் நொடியில் படுக்கவைத்துவிடும்.

மாடி ஸ்விட்ச்

இதில் செய்ய வேண்டியது குறைவு. ஸ்னூப்பிங்கை இயக்கி, பதிப்பை 2 என்று வைத்து, குவெரியரை அணைத்தே வையுங்கள். ரூட்டர் போர்ட்டைத் தானாகக் கற்கும்படி விட்டு, மூன்று நிமிடம் கழித்துப் பாருங்கள். கீழிருந்து வரும் கம்பியின் போர்ட் அங்கே தோன்ற வேண்டும். தோன்றாவிட்டால் அந்தப் போர்ட்டை நிலையான ரூட்டர் போர்ட் என்று கையால் குறித்துவிடுங்கள். இது நிகழாவிட்டால் மாடிக் கருவியின் பதில் கீழே போய்ச் சேராது. கீழ் ஸ்விட்ச் அந்தக் கம்பியை மூடிவிடும்.

வைஃபையில் மட்டும் ஏன் இவ்வளவு பாடு

48 கிலோஹெர்ட்ஸ், 16 பிட், ஸ்டீரியோ ஒலிக்கு வினாடிக்கு 48,000 × 16 × 2, அதாவது 1.536 மெகாபிட் வேண்டும். தலைப்புப் பகுதிகளைச் சேர்த்தால் இன்னும் சற்றுக் கூடும். ஜிகாபிட் கம்பிக்கு இது ஒரு பொருட்டே அன்று. ஆனால் ஆக்சஸ் பாயிண்ட் மல்டிகாஸ்ட்டை அனுப்பும்போது, தொலைவில் உள்ள கருவிக்கும் கேட்க வேண்டும் என்பதற்காகக் குறைந்தபட்ச வேகத்தில் அனுப்புகிறது. 2.4 கிகாஹெர்ட்ஸில் அது 1 மெகாபிட்டாகவும், 5 கிகாஹெர்ட்ஸில் 6 மெகாபிட்டாகவும் இருப்பது வழக்கம். 1 மெகாபிட் வழியில் 1.5 மெகாபிட்டைத் திணித்தால் காற்றில் வேறு எதற்கும் இடம் இராது. மண்டபத்து வீட்டில் கைபேசிகள் திணறியதற்கு இதுவே காரணம். அவற்றில் யாரும் வானொலி கேட்கக்கூட இல்லை.

மேலும் வைஃபையில் மல்டிகாஸ்ட்டுக்குப் பெற்றுக்கொண்டேன் என்ற ஒப்புதல் கிடையாது; தவறிய பாக்கெட் தவறியதுதான். கைபேசிகள் மின்சாரம் மிச்சப்படுத்த உறங்கும்போது, ஆக்சஸ் பாயிண்ட் மல்டிகாஸ்ட்டைச் சேர்த்து வைத்துக் கூட்டமாக அனுப்புவதால் ஒலி விட்டு விட்டு வரும். எனவே மல்டிகாஸ்ட் ஒலியைப் பெறும் கருவிகளுக்கு இயன்றவரை கம்பி இழுங்கள். இழுக்க முடியாத இடத்தில், மல்டிகாஸ்ட்டை யூனிகாஸ்ட்டாக மாற்றித் தரும் வசதி ஆக்சஸ் பாயிண்ட்டில் இருந்தால் அதை இயக்குங்கள். அப்போது கேட்கும் ஒவ்வொரு கருவிக்கும் தனிப் பிரதி, அதன் முழு வேகத்தில், ஒப்புதலோடு செல்லும். மூன்று நான்கு கருவிகள் உள்ள வீட்டுக்கு இது நன்றாகவே உழைக்கிறது.

சோதனை

ஐந்து நிமிடத்துக்குள் முடியும் சோதனை எதையும் இந்த வேலையில் நம்பக் கூடாது. எல்லாக் கருவிகளையும் இயக்கிவிட்டு, பத்து நிமிடம் எதையும் தொடாமல் இருங்கள். 260 வினாடிகள் இரண்டு முறை கடந்தும் ஒலி நிற்காமலும், வைஃபை மறுபடி திணறாமலும் இருந்தால் குவெரியர் வேலை செய்கிறது.

இதற்கிடையே ஸ்விட்ச்சின் விளக்குகளைக் கவனியுங்கள். பரவல் நடக்கும்போது எல்லாப் போர்ட்டுகளின் விளக்குகளும் ஒரே தாளத்தில், கேட்காத போர்ட்டுகள் உட்பட, சேர்ந்து துடிக்கும். ஸ்னூப்பிங் சரியான பின் அனுப்பும் போர்ட்டும் கேட்கும் போர்ட்டுகளும் மட்டும் அந்தத் தாளத்தில் துடிக்க, மற்றவை எப்போதாவது சிமிட்டும். படிக்கட்டு அடியில் இருட்டில் நின்று பார்த்தாலே தெரிந்துவிடும்.

உறுதியாக அறிய, காலியான போர்ட் ஒன்றில் மடிக்கணினியைச் செருகி, நெட்வொர்க்கில் ஓடும் பாக்கெட்டுகளைக் காட்டும் வயர்ஷார்க் நிரலைத் திறந்துகொள்ளுங்கள். வடிகட்டியில் ஐஜிஎம்பி என்று நெறிமுறையின் பெயரை ஆங்கிலச் சிற்றெழுத்தில் கொடுத்துக் காத்திருந்தால், 125 வினாடிகளுக்கு ஒருமுறை 192.168.1.2-இலிருந்து 224.0.0.1-க்கு ஒரு வினவல் வர வேண்டும். வேறு முகவரியிலிருந்து வந்தால் இன்னொரு குவெரியர் இருக்கிறது. வரவே இல்லையென்றால் எதுவுமே இல்லை. பிறகு வடிகட்டியை எடுத்துவிட்டுப் பாருங்கள்: அந்தப் போர்ட்டில் 239.255.10.1-க்குச் செல்லும் ஒலிப் பாக்கெட் ஒன்றுகூடத் தெரியக் கூடாது.

கடைசியாக மின்தடையைப் போல முதன்மை ஸ்விட்ச்சின் மின்சாரத்தைப் பிடுங்கி மீண்டும் செருகுங்கள். இதற்கு முன் அமைப்பைச் சேமித்தீர்களா என்று பார்த்துக்கொள்ளுங்கள். பல ஸ்விட்ச்சுகளில் “செயல்படுத்து” என்பது வேறு, “சேமி” என்பது வேறு. சேமிக்காதது மின்சாரம் போனதும் அழிந்துவிடும். ஸ்விட்ச் எழுந்ததும் குவெரியர் வினவும், கருவிகள் பதில் சொல்லும், யாரும் எதையும் அணைத்துப் போடாமலே ஒலி திரும்பும். குவெரியர் இல்லாத வீட்டில் ஒவ்வொரு மின்தடைக்குப் பிறகும் அறை அறையாகப் போய்க் கருவிகளை அணைத்துப் போட வேண்டியிருக்கும்.

உப்புக் காற்றும் ஒலியும்

அமைப்பெல்லாம் சரியாகி இரண்டு மாதம் கழித்து அதே வீட்டுக் கொட்டகையில் மட்டும் ஒலிக்கு நடுவே “டக், டக்” என்ற வெட்டு வந்தது. அந்தக் கருவியிலேயே யூடியூப் பாடலை ஓட்டினால் எந்தக் குறையும் இல்லை. நெட்வொர்க் நன்றாக இருக்கிறது, மல்டிகாஸ்ட்தான் கெட்டுவிட்டது என்று எண்ணத் தோன்றும். உண்மை நேர்மாறானது. இணையப் பாடலில் ஒரு பாக்கெட் தொலைந்தால் மறுபடி கேட்டு வாங்கிக்கொள்ளும். கம்பியின் பழுது வெளியே தெரியாது. மல்டிகாஸ்ட் ஒலி யூடிபியில் செல்வதால், தொலைந்த பாக்கெட் அந்த இடத்திலேயே வெட்டாகக் காதில் விழும்.

ஸ்விட்ச்சின் போர்ட் புள்ளிவிவரப் பக்கத்தில் சிஆர்சி பிழை, அதாவது வழியில் கெட்டுப்போய் வந்து சேர்ந்தவை, என்ற எண்ணிக்கையைப் பார்த்தேன். மற்ற போர்ட்டுகளில் பூச்சியமாக இருக்க, கொட்டகைப் போர்ட்டில் மட்டும் ஏறிக்கொண்டே இருந்தது. கொட்டகை முனையில் செருகியைப் பிடுங்கி வெளிச்சத்தில் பிடித்தபோது, எட்டுத் தகடுகளில் இரண்டில் பச்சைக் களிம்பு படிந்திருந்தது. அந்தக் கொட்டகையின் ஜன்னல் கச்சான் காற்று அடிக்கும் பக்கம் திறந்திருந்தது.

இந்தக் கரையில், தொண்டியிலிருந்து ஏர்வாடி வரை, கடலுக்கு அருகே வேலை செய்கிறவர்கள் இந்த எண்ணிக்கையை மாதம் ஒருமுறை பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ள வேண்டும். ஜிகாபிட்டில் இணைந்திருந்த போர்ட் ஒருநாள் 100 மெகாபிட்டுக்கு இறங்கியிருந்தால், நான்கு இணைக் கம்பிகளில் ஏதோ ஒன்று தொடர்பு இழந்துவிட்டது என்று கொள்ளலாம். செருகியைத் துடைத்து மாட்டுவது சில வாரங்களுக்கே தாங்கும். வெட்டிவிட்டுப் புதுச் செருகி அடிப்பதே சரி. காலியான போர்ட்டுகளுக்கு ரப்பர் மூடி போடுங்கள். வெளியே ஓடும் கம்பி முழுச் செம்பாக இருக்கட்டும். செம்பு பூசிய அலுமினியக் கம்பி இந்த ஈரத்தில் மிக விரைவாக அரித்துவிடுகிறது. வாடைக் காலத்தில் இடி விழும் ஊர் என்பதால், தனிக் கட்டடமாக நிற்கும் கொட்டகைக்குச் செம்புக் கம்பிக்குப் பதிலாக ஃபைபர் இழுப்பது இன்னும் பாதுகாப்பானது.

அந்த வீட்டுக் கொட்டகைக்கு நான் ஃபைபரே இழுத்தேன். இரு முனையிலும் உள்ள மாற்றிகளில் மல்டிகாஸ்ட்டுக்கென்று அமைப்பு எதுவும் தேவைப்படவில்லை. அவை வருவதை அப்படியே கடத்துகின்றன. முதன்மை ஸ்விட்ச்சின் முகவரி, குவெரியர் எது, எந்த ஸ்ட்ரீமுக்கு எந்தக் குரூப், எந்தப் போர்ட்டில் எந்த அறை என்று ஒரு தாளில் எழுதி, படிக்கட்டு அடி அலமாரிக் கதவின் உட்புறம் ஒட்டிவிட்டு வந்தேன். சிஆர்சி எண்ணிக்கையைக் குறித்து வைக்க அந்தத் தாளில் பன்னிரண்டு கட்டங்கள் இருக்கின்றன. முதல் மூன்றிலும் அந்த வீட்டுப் பெண் பூச்சியம் என்று எழுதியிருக்கிறார்.